வாசகர் கேள்வி–பதில்: பிரெஞ்சு இலக்கியத்தின் 1857

ஓர் இலக்கியத்தின் போக்கு ஒரே ஆண்டில் திரும்பியதைக் காண வேண்டுமானால் பிரான்சின் 1857-ஐப் பார்க்கலாம் என்று சென்ற இதழில் ஒரு வரி எழுதியிருந்தோம். அதை விரித்துச் சொல்லுமாறு சென்னை வாசகர்கள் பலர் கேட்டிருப்பதால், இம்முறை இந்தப் பகுதி முழுவதும் அந்த ஓராண்டுக்கே ஒதுக்கப்படுகிறது.

கேள்வி: 1857 என்றால் எங்களுக்குச் சிப்பாய்களின் எழுச்சிதான் நினைவுக்கு வருகிறது. அதே ஆண்டில் பாரிசில் அப்படி என்னதான் நடந்தது?
– ஆசிரியர், பெரம்பூர்

பதில்: மூன்று நூல்கள் நீதிமன்றப் படியேறின. ஜனவரி மாத இறுதியில் குஸ்தாவ் ஃப்ளோபேரின் ‘மதாம் பொவாரி’, ஆகஸ்டில் ஷார்ல் போதலேரின் ‘தீமையின் மலர்கள்’, செப்டம்பரில் ஒழேன் சூயின் தொடர் நாவல் ஒன்று. மூன்று வழக்கிலும் அரசுத் தரப்பில் எழுந்து நின்றவர் எர்னெஸ்த் பினார் என்ற ஒரே வழக்குரைஞர். ‘மதாம் பொவாரி’ நாவலும் ‘தீமையின் மலர்கள்’ கவிதைத் தொகுதியும் பின்னாளில் உலகெங்கும் நவீன இலக்கியத்தின் வாசற்படிகளாகக் கொள்ளப்பட்டதால்தான், இலக்கிய வரலாறு அந்த ஆண்டைத் தனியே எடுத்துப் பேசுகிறது.

அரசியல் பின்னணியைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 1851 டிசம்பர் 2 அன்று ஆட்சியைக் கைப்பற்றி, மறு ஆண்டில் தம்மைப் பேரரசராக அறிவித்துக்கொண்ட மூன்றாம் நெப்போலியனின் காலம் அது. முதலில் எச்சரித்து, பிறகு இதழையே நிறுத்திவைக்கும் முறையால் பத்திரிகைகள் அடக்கப்பட்டிருந்தன. விக்டர் ஹ்யூகோ நாட்டைவிட்டு வெளியேறி கெர்ன்சி தீவில் இருந்தார். ஆயினும் இவ்வழக்குகளில் பயன்பட்ட சட்டம் மூன்றாம் நெப்போலியன் கொண்டுவந்ததல்ல. பொது ஒழுக்கத்தையும் சமய ஒழுக்கத்தையும் நன்னடத்தையையும் புண்படுத்துவதைக் குற்றமாக்கிய அந்தச் சட்டம் 1819 மே 17-இல் இயற்றப்பட்டது. நம் ஊர்க் கணக்கில் சொல்வதானால், போதலேருக்குத் தீர்ப்பு வந்த பதினாறாம் நாள், செப்டம்பர் 5 அன்று, சென்னைப் பல்கலைக்கழகம் தொடங்கப்பட்டது.

கேள்வி: ‘மதாம் பொவாரி’யை இன்று படிக்கும்போது அதில் ஆபாசம் என்று சொல்லத்தக்க ஒரு வரியும் எனக்குத் தென்படவில்லை. அரசு எதைத்தான் குற்றம் என்றது?
– வழக்கறிஞர், மயிலாப்பூர்

பதில்: நாவல் முதலில் 1856 அக்டோபர் முதல் டிசம்பர் வரை ‘ரெவ்யூ த பாரி’ இதழில் தொடராக வந்தது. அரசு தலையிடுவதற்கு முன்பே கத்தரி போட்டவர்கள் இதழாசிரியர்கள்தாம். மணமான நாயகி எம்மா தன் காதலனோடு ஏறிய, திரைகள் மூடப்பட்ட குதிரை வண்டி ஒன்று ரூவான் நகரத் தெருக்களில் இலக்கின்றிச் சுற்றிச் சுற்றி ஓடுகிறது. வண்டிக்காரன் களைத்துப்போய் நிறுத்தப் பார்க்கும்போதெல்லாம் உள்ளிருந்து ஓர் ஆண்குரல் அவனை விரட்டுகிறது. ஒரு முறை மட்டும் ஒரு கை வெளியே நீண்டு கிழித்த காகிதத் துண்டுகளை வீசுகிறது. வண்டிக்குள் நடப்பது எதுவும் எழுதப்படவில்லை. அந்தக் காட்சியையே இதழ் நீக்கியது. மேலும் சில பகுதிகளையும் வெட்ட முனைந்தபோது ஃப்ளோபேர், நீங்கள் விவரங்களைத் தாக்குகிறீர்கள், முழுமையைத்தான் தாக்க வேண்டும், இதிலுள்ள முரட்டுத்தனம் மேற்பரப்பில் இல்லை, அடியாழத்தில் இருக்கிறது என்ற பொருளில் ஆசிரியருக்கு எழுதினார். அந்த ஆண்டின் இலக்கியப் பூசல் முழுவதற்கும் இக்கடிதமே சாவி என்பது என் கருத்து.

பினாரைக் கேலி செய்வது இலக்கியக் கட்டுரைகளில் வழக்கமாகிவிட்டது. அவருடைய வாதத்தை முழுமையாகப் படித்தவர்கள் அவ்வளவு எளிதாகச் சிரிக்க மாட்டார்கள். மண வாழ்க்கை மீறிய உறவு நாவலில் வரக்கூடாது என்று மட்டும் அவர் சொல்லவில்லை. எம்மாவைக் கண்டிக்கக்கூடிய ஒருவராவது இந்த நூலுக்குள் இருக்கிறாரா என்று கேட்டு, ஒருவரும் இல்லை என்று தாமே விடை சொன்னார். கணவன் ஏமாளி, மருந்துக் கடைக்காரர் வாய்ச்சொல் வீரர், பாதிரியாருக்கு எதுவும் உறைப்பதில்லை, கதை சொல்பவரோ தீர்ப்பு எதுவும் வழங்காமல் ஒதுங்கிக்கொள்கிறார். எம்மாவின் எண்ணங்கள் மேற்கோள் குறியின்றி ஆசிரியரின் வாக்கியங்களோடு கலந்து வருவதால், எது அவள் நினைப்பு, எது ஆசிரியரின் கூற்று என்று பிரித்துக்காட்ட முடியவில்லை. ‘திருமணத்தின் கறைகள், மணம் மீறிய உறவின் ஏமாற்றம்’ என்று ஃப்ளோபேர் எழுதியிருந்த இடத்தைப் பினார் உரக்கப் படித்து, வேறு யாராக இருந்தாலும் ‘திருமணத்தின் ஏமாற்றங்கள், மணம் மீறிய உறவின் கறைகள்’ என்றுதான் எழுதியிருப்பார்கள் என்றார். இரண்டு சொற்கள் இடம் மாறியிருப்பதைப் பிடித்த அந்த வாசிப்பு, அக்கால விமர்சகர்கள் பலருக்கு வாய்க்காத கூர்மையுடையது. அவர் எடுத்த முடிவு தவறாக இருக்கலாம், நூலில் அவர் கண்டது உண்மை.

எதிர்த் தரப்பில் ஃப்ளோபேரின் வழக்கறிஞர் ழூல் செனார் நான்கு மணி நேரம் பேசினார். 1848-இல் தேசியப் பேரவையின் தலைவராகவும் பின்னர் உள்துறை அமைச்சராகவும் இருந்தவர் அவர். தீமையின் மேல் அருவருப்பை ஊட்டி அறத்தின்பால் செலுத்தும் நூல் இது என்று நிறுவ முயன்றார். எம்மாவின் மரணப் படுக்கையில் பாதிரியார் கண், மூக்கு, வாய், கை, கால் என்று ஒவ்வோர் உறுப்பிலும் எண்ணெய் பூசும் பகுதியைச் சமய நிந்தனை என்று பினார் சாடியிருந்தார். அது திருச்சபையின் சடங்கு நூலையே தழுவியது என்று செனார் நீதிமன்றத்தில் நூலைத் திறந்து காட்டினார். வழக்கை வென்றவர் செனார். ஆனால் ஃப்ளோபேர் எழுதிய நாவல் அவர் வருணித்த நீதிக்கதை அன்று. பிப்ரவரி 7 அன்று வந்த தீர்ப்பு, நூல் கடுமையான கண்டனத்துக்கு உரியது, இலக்கியத்தின் பணி மனத்தை அழகுபடுத்துவதும் மகிழ்விப்பதும் ஆகும் என்றெல்லாம் நெடுக உபதேசம் செய்துவிட்டு, ஆசிரியரையும் இதழ் ஆசிரியரையும் அச்சகத்தாரையும் விடுவித்தது. ஏப்ரலில் மிஷெல் லெவி இரண்டு தொகுதிகளாக வெளியிட்ட நூலுக்கு ஃப்ளோபேர் ஐந்தாண்டு உரிமைக்காகப் பெற்றது 800 ஃபிராங்க். வழக்கு தேடித்தந்த விளம்பரத்தின் பலன் பெரும்பாலும் பதிப்பாளருக்கே போயிற்று.

கேள்வி: அதே சட்டம், அதே வழக்குரைஞர். ஃப்ளோபேர் தப்பினார், போதலேர் மாட்டிக்கொண்டார். காரணம் என்ன?
– அம்பத்தூர் வாசகர்

பதில்: செல்வாக்கு ஒரு காரணம். ஃப்ளோபேரின் தந்தை ரூவான் மருத்துவமனையின் தலைமை அறுவை மருத்துவர்; அண்ணன் அதே பதவிக்கு வந்தவர். ரூவானில் நாம் எப்படிப்பட்ட குடும்பம் என்பது உள்துறை அமைச்சகத்துக்குத் தெரிய வேண்டும் என்று ஃப்ளோபேர் அண்ணனுக்கு எழுதிய கடிதம் இருக்கிறது. போதலேரோ கடனாளி, தந்தை வழிச் சொத்தைத் தாமே கையாளும் உரிமைகூட 1844 முதல் அவரிடம் இல்லை. மேலிடத்தில் அவருக்கு இருந்த ஒரே உறவு, அவர் வெறுத்த மாற்றாந்தந்தை ஜெனரல் ஓப்பிக். அவரும் அந்த ஏப்ரலில் இறந்துபோனார். விசாரணைக்கு இரண்டு நாள் முன்பு போதலேர், ஃப்ளோபேருக்குப் பேரரசி துணையிருந்தார், எனக்கு அப்படி ஒரு பெண் இல்லை என்று, பாரிஸ் எழுத்தாளர்களுக்கு விருந்தளித்துவந்த மதாம் சபாத்தியேவுக்கு எழுதினார். தண்டிக்கப்பட்ட கவிதைகளுள் ஒன்று அந்தப் பெண்மணியையே முன்னிலைப்படுத்தி எழுதியது என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

இதைவிட முக்கியமான காரணம் நூலின் வடிவம் என்று நினைக்கிறேன். நாவலில் ஓர் அத்தியாயத்தைப் பிடுங்கினால் மற்றவை நொண்டும். ஆகவே ‘முழுவதையும் படியுங்கள்’ என்று செனாரால் சொல்ல முடிந்தது. நூறு கவிதைகள் கொண்ட தொகுதியில் ஆறைக் கழற்றினாலும் நூல் நிற்கும் என்று நீதிபதிகளுக்குத் தோன்றியது. போதலேர் தம் வழக்கறிஞருக்கு எழுதிக் கொடுத்த குறிப்பில், நூலை முழுமையாக வைத்தே தீர்ப்பிட வேண்டும், அப்போது அதிலிருந்து அச்சமூட்டும் ஓர் அறம் வெளிப்படும் என்றுதான் வலியுறுத்தியிருந்தார். ஆனால் பினார் இம்முறை தந்திரமாக இறங்கி வந்தார். ஃப்ளோபேர் வழக்கில் பட்ட சூடு அதற்குக் காரணமாக இருக்கலாம். இவர் அமைதியற்ற, சமநிலையற்ற சுபாவம் கொண்டவர், இவரிடம் இரக்கம் காட்டுங்கள், ஆனால் சில கவிதைகளையாவது தண்டித்து எச்சரிக்கை விடுங்கள் என்று கேட்டார். நீதிமன்றத்துக்கும் அது வசதியாக இருந்தது. ஆகஸ்ட் 20-ஆம் நாள் தீர்ப்பில் சமய நிந்தனைக் குற்றச்சாட்டு விழுந்துபோயிற்று; ஒழுக்கக் கேட்டுக்காகக் கவிஞருக்கு 300 ஃபிராங்க் அபராதம், பதிப்பாளர்கள் இருவருக்கும் ஆளுக்கு 100, ஆறு கவிதைகள் நீக்கம். பேரரசிக்கு விண்ணப்பித்த பிறகு அபராதம் 50 ஆகக் குறைந்தது, கவிதைகள் திரும்பவில்லை. பதிப்பாளர் புலே-மலாசி, விற்காமல் இருந்த படிகளிலிருந்து அந்தத் தாள்களை வெட்டியெடுத்து விற்றார். மறுபக்கத்தில் அச்சாகியிருந்த நிரபராதிக் கவிதைகள் சிலவும் அந்தத் தாள்களோடு சிதைந்தன.

கேள்வி: மற்ற எழுத்தாளர்கள் வாய் மூடியா இருந்தார்கள்?
– திருவான்மியூர் வாசகர்

பதில்: பெரும்பாலும் ஆம். செல்வாக்கு மிக்க விமர்சகர் சேன்த்-பெவ், ஃப்ளோபேர் விடுதலையான பிறகு மே மாதத்தில் அரசிதழிலேயே அவரைப் பாராட்டி எழுதினார். போதலேருக்கோ வாதத்துக்கு உதவும் சில குறிப்புகளைத் தனிப்பட்ட முறையில் கொடுத்ததோடு நிறுத்திக்கொண்டார். கவிதைத் தொகுதி மீது வழக்குத் தொடுப்பது புதுமையாக இருக்கிறதே என்று ஃப்ளோபேர் அன்போடு கடிதம் எழுதினார். ஹ்யூகோ தீவிலிருந்து, இந்த ஆட்சியின் நீதிமன்றம் தண்டிப்பதே இந்த ஆட்சி தரக்கூடிய அரிய விருது என்று எழுதினார். அழகான கடிதம்தான், அபராதம் கட்ட வேண்டியிருந்தவருக்கு அது எவ்வளவு ஆறுதல் தந்திருக்கும் என்பது வேறு விஷயம்.

போதலேரின் செயல் இவற்றைவிட உயர்ந்தது. தாம் தோற்ற இரண்டே மாதத்தில், அக்டோபர் 18 அன்று, வென்றுவிட்ட ‘மதாம் பொவாரி’க்கு அந்த ஆண்டின் மிகச் சிறந்த மதிப்புரைகளுள் ஒன்றை அவர் எழுதி வெளியிட்டார்.

கேள்வி: மூன்றாவது நூல் என்ன ஆயிற்று?
– கொளத்தூர் வாசகர்

பதில்: சூயின் ‘மக்களின் மர்மங்கள்’, ஓர் உழைப்பாளர் குடும்பத்தை நூற்றாண்டுகள் ஊடாகத் தொடரும் கதை. நாடு துறந்து அன்னெசியில் வாழ்ந்த ஆசிரியர் ஆகஸ்ட் 3 அன்றே காலமாகிவிட்டார். செப்டம்பரில் நூலை அழிக்க ஆணை பிறந்தது. உண்மையில் அரசு அஞ்சியது மக்களிடம் பரவும் இத்தகைய எழுத்துக்குத்தான். அதற்கு இன்னொரு சான்றும் உண்டு. ஜூலை 16 அன்று மறைந்த பாடலாசிரியர் பெரான்ழேவுக்கு அரசுச் செலவில், படைகள் வரிசைகட்ட, இறுதி ஊர்வலம் நடந்தது. மரியாதை பாதி, கூட்டம் கலகம் செய்துவிடக் கூடாதே என்ற கவலை பாதி. அதே 1819-ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ்த் தம் பாடல்களுக்காக 1821-இல் சிறை சென்றவர் அவர்.

கேள்வி: போதலேர் மீதான தீர்ப்பு பிறகு மாற்றப்பட்டதா? நம் சட்டத்துக்கும் அந்த ஆண்டுக்கும் தொடர்பு உண்டா?
– சட்ட மாணவி, சேப்பாக்கம்

பதில்: மாற்றப்பட்டது, ஆனால் 92 ஆண்டு கழித்து. இத்தகைய பழைய தீர்ப்புகளை எழுத்தாளர் சங்கத்தின் கோரிக்கையின் பேரில் மறு ஆய்வு செய்யலாம் என்று 1946-இல் ஒரு சட்டம் வந்தது. அதன்படி 1949 மே 31 அன்று பிரான்சின் உச்ச மேல்முறையீட்டு மன்றம் தண்டனையை நீக்கியது.

தொடர்பும் உண்டு. அதே 1857-இல்தான் பிரிட்டனும் ஆபாச வெளியீடுகளுக்கு எதிரான சட்டத்தை இயற்றியது. அதைப் பொருள்கொண்ட 1868-ஆம் ஆண்டு ‘ஹிக்ளின்’ தீர்ப்பு, தனித்தனிப் பகுதிகளை வைத்தே ஒரு நூலைக் குற்றவாளியாக்க இடம் தந்தது. நம் உச்ச நீதிமன்றம் 1964-இல் ரஞ்சித் உதேஷி வழக்கில் அந்த அளவுகோலை ஏற்றுக்கொண்டு, 2014-இல் அவீக் சர்க்கார் வழக்கில்தான் கைவிட்டது. பெருமாள்முருகனின் ‘மாதொருபாகன்’ வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் 2016 ஜூலை 5 அன்று எழுத்தாளர் பக்கம் நின்று அளித்த தீர்ப்பை நீங்கள் வகுப்பில் படித்திருப்பீர்கள். அங்கேயும் சச்சரவைக் கிளப்பியவை நாவலிலிருந்து பிய்த்தெடுத்துச் சுற்றுக்கு விடப்பட்ட பக்கங்கள்தாம்.

கேள்வி: இவற்றைப் படிக்க விரும்புகிறேன். எந்தப் பதிப்பை வாங்கலாம்?
– நங்கநல்லூர் வாசகர்

பதில்: ‘மதாம் பொவாரி’க்கு, எந்த மொழிபெயர்ப்பானாலும், வழக்கு நடவடிக்கைகளைப் பின்னிணைப்பாகத் தரும் பதிப்பைத் தேடுங்கள். ஃப்ளோபேரே சுருக்கெழுத்தாளரை அமர்த்திப் பதிவு செய்த வாதங்கள் 1873-ஆம் ஆண்டுப் பதிப்பிலிருந்து நூலோடு சேர்ந்து வருகின்றன. போதலேரைப் பொறுத்தவரை கவனம் தேவை. இன்று கிடைக்கும் பெரும்பாலான பதிப்புகள், 35 புதிய கவிதைகள் சேர்த்து அவர் 1861-இல் மாற்றியமைத்த வடிவத்தைப் பின்பற்றுபவை. தடைசெய்யப்பட்ட ஆறும் அவற்றில் பின்பகுதியில் தனியே நிற்கும். 1857-இல் நீதிபதிகள் கையில் இருந்த நூலைப் படிக்க வேண்டுமானால், முதல் பதிப்பின் வரிசையைத் தரும் பதிப்பா என்று உள்ளடக்கத்தைப் பார்த்து வாங்குங்கள்.