மோட்டார் சைக்கிள் வாங்கிக் கொடுப்பதற்கு முன்

கெடா, பாடாங் செராய் அக்காவுக்கு,

மகன் உணவு டெலிவரிக்குப் போக மோட்டார் சைக்கிள் கேட்கிறான், அவன் அப்பா டாக்டருக்குப் படிக்க வேண்டும் என்கிறார், வீட்டில் ஒரே சண்டை என்று எழுதியிருந்தீர்கள். ஐந்தாம் படிவத்தில் எழுதும் எஸ்.பி.எம். தேர்வில் அவன் வாங்கிய முடிவைப் பார்த்தேன். கணிதத்திலும் அறிவியலிலும் கிரெடிட் வைத்திருக்கிறான், நல்ல பிள்ளை. ஆனால் வரலாற்றில் 'ஜி', அதாவது தேறவில்லை. அந்தச் சண்டையில் இதை யாரும் கவனித்ததாகத் தெரியவில்லை. 2013 முதல் வரலாற்றில் தேறாதவர்களுக்கு எஸ்.பி.எம். சான்றிதழே கிடையாது, மலாய்மொழியைப் போலத்தான். அந்த ஒரு பாடத்தை மட்டும் மறுபடி எழுதலாம். முதலில் அதற்குப் பதிந்துவிடுங்கள். மற்றதெல்லாம் அப்புறம்.

சரி, உணவு டெலிவரிக்குப் போகிறேன் என்கிறானே, அதைச் சோம்பேறித்தனம் என்று சொல்லாதீர்கள். நீங்கள் இன்னும் செம்பனைத் தோட்டத்தில் உதிரிப்பழம் பொறுக்கப் போவது அவனை உறுத்துகிறது. சீக்கிரம் சம்பாதிக்க வேண்டும் என்று நினைக்கிறான். உங்கள் காலத்தில் வேலை, வீடு, கோயில், தமிழ்ப்பள்ளி எல்லாமே தோட்டத்துக்குள் இருந்தன. அது கலைந்த பிறகு பிறந்தவன் அவன். யாரும் வழி காட்டாததால் கண்ணில் பட்ட வேலையைப் பிடிக்கப் பார்க்கிறான்.

அவனோடு உட்கார்ந்து கணக்குப் போடுங்கள். பெட்ரோல், டயர், மோட்டார் தவணை, மழை நாள் எல்லாவற்றையும் கழித்து என்ன நிற்கும் என்று அவனே எழுதட்டும். மாதச் சம்பள வேலையில் 5,000 ரிங்கிட் வரை வாங்குகிறவருக்கு முதலாளி சம்பளத்தில் 13 விழுக்காட்டை இ.பி.எப். எனும் ஊழியர் சேமநிதியில் கட்டுகிறார். டெலிவரியில் அது கிடையாது. இதைத் தெரிந்துகொண்ட பிறகு, மறுதேர்வு வரைக்கும் ஓட்டுகிறேன் என்றால் ஓட்டட்டும். இருக்கிற பழைய மோட்டாரே போதும், புதுக் கடன் வேண்டாம்.

அவன் அப்பாவிடமும் சொல்லுங்கள், டாக்டர் கனவுக்கு வீட்டை அடகு வைக்க வேண்டாம். பக்கத்தில் கூலிம் இருக்கிறது. 1996இல் திறந்த ஹைடெக் பார்க் தொழிற்பேட்டையில் இயந்திரம் பார்க்கவும் பழுது நீக்கவும் டெக்னீஷியன்கள் எப்போதும் தேவை. அதே ஊரில் துவாங்கு சுல்தானா பாஹியா பாலிடெக்னிக்கில் எலெக்ட்ரிக்கல், மெக்கானிக்கல் டிப்ளோமா உண்டு. வீட்டிலிருந்தே போய் வரலாம். புத்தகப் படிப்பு பிடிக்கவில்லை என்றால் எஸ்.கே.எம். திறன் சான்றிதழ் இருக்கிறது. மூன்றாம் நிலை முடித்தால் நான்காம் நிலையில் டிப்ளோமா. அதற்குத் திறன் பயிற்சிக்குக் கடன் தரும் அரசு நிதியான பி.டி.பி.கே.யிடம் கடனும் கேட்கலாம். என்னைக் கேட்டால், இயந்திரத்தைக் கழற்றிப் பார்க்கும் ஆசை உள்ள பையனுக்கு இது தாழ்ந்த வழி அல்ல.

அரசு உயர்கல்விக்கூடங்களில் சேர இணையத்தில் போடும் யூ.பி.யூ. விண்ணப்பத்தை அக்கம்பக்கத்தாரிடம் கொடுத்து நிரப்பாதீர்கள். அவனே நிரப்பட்டும், பாஸ்வேர்டும் அவனிடமே இருக்கட்டும். வரலாற்று மறுதேர்வுக்குப் பதிந்ததும் ரசீதைப் படம் எடுத்து எனக்கு அனுப்புங்கள்.