பிடிபட்ட பிறகு என்ன நடக்கிறது?

கேள்வி: டிரான்ஸ்பரன்சி இன்டர்நேஷனல் என்ற ஊழல் எதிர்ப்பு அமைப்பு வெளியிட்ட 2024-ஆம் ஆண்டு ஊழல் பட்டியலில், ஊழல் மிகக் குறைந்த நாடாக டென்மார்க் 90 மதிப்பெண்ணோடு முதலிடம், இந்தியா 38 மதிப்பெண்ணோடு 96-ஆவது இடம். விடுதியில் இதை வைத்துப் பெரிய சண்டையே வந்துவிட்டது. இந்தப் பட்டியலை நம்பலாமா?
(கல்லூரி மாணவி, திருச்சி)

பதில்: நம்பலாம், ஆனால் அது எதை அளக்கிறது என்று தெரிந்துகொண்டு நம்ப வேண்டும். எந்த நாட்டில் எவ்வளவு லஞ்சம் கைமாறியது என்று யாரும் எண்ணிப் பார்ப்பதில்லை, எண்ணவும் முடியாது. ஒரு நாட்டின் அரசுத் துறையில் ஊழல் எவ்வளவு என்று வல்லுநர்களும் தொழில் நடத்துகிறவர்களும் நினைப்பதைப் பல ஆய்வுகளிலிருந்து திரட்டி மதிப்பெண் போடுகிறார்கள். அரசுத் துறை மட்டும்தான், தனியார் வங்கி செய்வது இதில் வராது. டென்மார்க்கின் பெரிய வங்கியான டான்ஸ்கே வங்கியின் எஸ்டோனியா கிளை வழியாக 2007 முதல் 2015 வரை சுமார் 20,000 கோடி யூரோ சந்தேகத்துக்குரிய பணம் ஓடியது, அதில் பெரும்பகுதி ரஷ்யாவிலிருந்தும் பழைய சோவியத் நாடுகளிலிருந்தும் வந்த பணம். அந்த விவகாரம் வெடித்த 2018-லும் பட்டியலில் டென்மார்க்தான் முதலிடம். ஓர் ஏழை நாட்டில் திருடிய பணம் ஒரு பணக்கார நாட்டு வங்கிக்குப் போனால், திருடிய நாட்டுக்கு மட்டும் மதிப்பெண் குறைகிறது. இது எனக்கு நியாயமாகப் படவில்லை.

அதற்காக நம்மை நல்லவர்கள் என்று சொல்லிக்கொள்ளவும் முடியாது. அதே அமைப்பு சாதாரண மக்களிடம் நேரடியாகவும் கேட்கிறது. 2020-இல் ஆசிய நாடுகளில் எடுத்த அந்தக் கணக்கில், அரசு அலுவலகத்துக்குப் போனவர்களில் லஞ்சம் கொடுத்தேன் என்று சொன்னவர்கள் இந்தியாவில் 39 சதவீதம், ஜப்பானில் 2 சதவீதம். இனி சண்டை வந்தால் இந்த எண்ணைச் சொல்லுங்கள், இது அபிப்பிராயம் இல்லை, அனுபவம்.

கேள்வி: சிங்கப்பூரில் அமைச்சராக இருந்த ஈஸ்வரன் பரிசு வாங்கியதற்காகச் சிறைக்குப் போனார். இதையே வேறு நாட்டு அரசியல்வாதி செய்திருந்தால்?
(வாசகர், மதுரை)

பதில்: கற்பனை செய்யவே வேண்டாம், கிட்டத்தட்ட இதே காரியத்தை அமெரிக்காவில் ஒரு கவர்னர் செய்திருக்கிறார். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தாலே பாதி விஷயம் விளங்கிவிடும்.

முதலில் ஈஸ்வரன். நம் தமிழர்தான், போக்குவரத்து அமைச்சராக இருந்தவர். வாங்கியது என்ன? ஃபார்முலா ஒன் கார் பந்தய டிக்கெட், இசை நாடகம், கால்பந்து டிக்கெட், விஸ்கி, பிராம்ப்டன் சைக்கிள், தோஹாவுக்குத் தனி விமானத்தில் ஒரு பயணம். எல்லாம் சேர்த்து சுமார் 4,03,000 சிங்கப்பூர் டாலர். கொடுத்தவர்கள் இரண்டு தொழிலதிபர்கள், அதில் ஒருவர்தான் அந்தக் கார் பந்தயத்தைச் சிங்கப்பூருக்குக் கொண்டு வந்தவர், அதே பந்தயத்துக்கான வழிநடத்தும் குழுவுக்குத் தலைவர் ஈஸ்வரன். முதலில் லஞ்ச வழக்காகப் போட்டுவிட்டு, பிறகு அதைத் தண்டனைச் சட்டத்தின் 165-ஆம் பிரிவுக்கு மாற்றினார்கள். அந்தப் பிரிவின்படி, வாங்கியதற்குப் பதிலாக என்ன செய்து கொடுத்தார் என்று நிரூபிக்க வேண்டியதில்லை. உத்தியோக முறையில் தன்னோடு தொடர்புள்ள ஒருவரிடமிருந்து விலைமதிப்புள்ள பொருளைத் தெரிந்தே சும்மா வாங்கினாலே குற்றம். அவர் குற்றத்தை ஒப்புக்கொண்டார். அரசுத் தரப்பு கேட்டது ஆறேழு மாதம், 2024 அக்டோபர் 3-ஆம் தேதி நீதிபதி கொடுத்தது பன்னிரண்டு மாதம்.

இப்போது அமெரிக்கா. வர்ஜீனியா மாநில கவர்னராக இருந்த பாப் மெக்டொனல். கவர்னர் என்றால் அங்கே நம்மூர் முதலமைச்சர் மாதிரி, மக்கள் ஓட்டுப் போட்டு வருகிறவர். சத்து மாத்திரைக் கம்பெனி நடத்தும் ஒருவரிடம் அவரும் மனைவியும் வாங்கிய பரிசும் கடனும் சேர்த்து 1,75,000 டாலருக்கு மேல். ரோலக்ஸ் கடிகாரம், மகள் கல்யாணச் சாப்பாட்டுச் செலவு எல்லாம் அதில் அடக்கம். பதிலுக்கு அந்த ஆளுக்கு அதிகாரிகளோடு சந்திப்பு ஏற்பாடு செய்தார், கவர்னர் மாளிகையில் அவர் மாத்திரைக்கு ஒரு நிகழ்ச்சி வைத்தார். கீழ்க் கோர்ட்டில் இரண்டு வருடத் தண்டனை. 2016-இல் உச்ச நீதிமன்றம் ஒரே குரலில் அதை ரத்து செய்தது, நீதிபதிகளில் ஒருவர்கூட மாறுபடவில்லை. சந்திப்பு ஏற்பாடு செய்வது மட்டும், லஞ்சக் குற்றத்தை நிரூபிக்கத் தேவையான 'அரசு நடவடிக்கை' ஆகாதாம். நடந்தது அருவருப்பானதுதான் என்று தீர்ப்பிலேயே எழுதிவிட்டுத் தண்டனையை நீக்கினார்கள்! இன்றைக்கும் எனக்கு அது பொறுக்கவில்லை. சந்திப்புக்காக எத்தனை பேர் வாசலில் காத்துக் கிடக்கிறார்கள், அந்தக் கதவைத் திறந்துவிடுவதைவிடப் பெரிய அரசு நடவடிக்கை என்ன இருக்கிறது?

சரி, நம் பக்கம் வருவோம். சிங்கப்பூரின் அந்த 165-ஆம் பிரிவு வெள்ளைக்காரன் 1860-இல் இந்தியாவுக்கு எழுதிய தண்டனைச் சட்டத்திலிருந்து போனது. நம்மிடமும் அதே எண்ணில்தான் இருந்தது, 1988-இல் ஊழல் தடுப்புச் சட்டம் வந்தபோது அதற்குள் 11-ஆம் பிரிவாகப் போய்ச் சேர்ந்தது, இப்போது ஐந்து வருடம் வரை தண்டனை கொடுக்கலாம். ஆக, சட்டம் இல்லை என்று நம்மில் யாரும் சொல்ல முடியாது.

எங்கே தடை என்றால், 2018-இல் அதே சட்டத்தில் 17ஏ என்று ஒரு பிரிவைச் சேர்த்தார்கள். பதவியில் இருக்கும்போது எடுத்த முடிவு சம்பந்தமான குற்றச்சாட்டை விசாரிக்கத் தொடங்கவே முன் அனுமதி வேண்டும். கையும் களவுமாகப் பிடித்தால் மட்டும் அனுமதி தேவையில்லை. இதன் நடைமுறை அர்த்தம் என்ன தெரியுமா? பட்டா மாறுதலுக்கு ஐயாயிரம் கேட்கும் கிராம நிர்வாக அலுவலரை உடனே பிடிக்கலாம்: நோட்டில் ரசாயனம் தடவிக் கொடுத்தனுப்புவார்கள், அவர் வாங்கி எண்ணியதும் லஞ்ச ஒழிப்புப் போலீசார் உள்ளே வந்து கையைக் கரைசலில் முக்கச் சொல்வார்கள், கரைசல் இளஞ்சிவப்பாக மாறினால் கதை முடிந்தது. அவரைப் பிடிப்பது தப்பில்லை, பிடிக்கத்தான் வேண்டும். ஆனால் ஒரு டெண்டர் முடிவிலோ நில ஒதுக்கீட்டிலோ எந்த ரசாயனத்தைத் தடவுவது? கோடிகள் போகும் இடம் அதுதான், அதற்குத்தான் அனுமதிக் கடிதம் வரும்வரை உட்கார்ந்திருக்க வேண்டியிருக்கிறது.

கேள்வி: அமைச்சர்களுக்கு நல்ல சம்பளம் கொடுத்தால் லஞ்சம் வாங்க மாட்டார்கள் என்கிறார்களே?
(ஆசிரியர், தஞ்சாவூர்)

பதில்: சிங்கப்பூரில் புது அமைச்சருக்கே ஆண்டுக்குச் சுமார் 11 லட்சம் டாலர் என்று கணக்குப் போட்டிருக்கிறார்கள். அங்கேதான் ஈஸ்வரன் டிக்கெட் வாங்கினார். சம்பளம் கீழ்மட்ட ஊழியருக்கு முக்கியம், குடும்பம் நடத்த முடியாத சம்பளத்தைக் கொடுத்துவிட்டு நேர்மையை எதிர்பார்க்கக் கூடாது. மேல்மட்டத்தில் அது பெரிய தடுப்பு இல்லை.

கேள்வி: மலேசியாவில் முன்னாள் பிரதமர் நஜிப் ரசாக்கையே உள்ளே தள்ளினார்கள். அவர்களால் முடிகிறது, நம்மால் ஏன் முடியவில்லை?
(வாசகர், காரைக்கால்)

பதில்: அவர்களாலும் அவர் பிரதமராக இருந்தவரை முடியவில்லை. 1எம்டிபி என்ற அரசு நிதியிலிருந்து 450 கோடி டாலர் சுருட்டப்பட்டது என்பது அமெரிக்க நீதித்துறையின் கணக்கு. நஜிப்பின் சொந்தக் கணக்குக்கு 68.1 கோடி டாலர் வந்தது வெளியே தெரிந்தது. 2015 ஜூலையில் என்ன செய்தார்? அரசுத் தலைமை வழக்கறிஞரை மாற்றினார், கேள்வி கேட்ட துணைப் பிரதமரையும் நீக்கினார். புதிதாக வந்த தலைமை வழக்கறிஞர், அது சவூதி அரச குடும்பம் கொடுத்த அன்பளிப்பு, குற்றம் எதுவும் இல்லை என்று 2016 ஜனவரியில் அறிவித்துவிட்டார். 2018 மே மாதம் மக்கள் ஓட்டுப் போட்டு, சுதந்திரம் வாங்கியதிலிருந்து ஆண்ட கூட்டணியைத் தூக்கி எறிந்த பிறகுதான் கைது. 2020-இல் 12 வருடத் தண்டனை, 2022 ஆகஸ்டில் சிறை. ஆட்சி மறுபடி மாறி, அந்த ஆகஸ்டில் பிரதமராக இருந்தவர் நஜிப்பின் கட்சிக்காரர் என்பதைக் கவனியுங்கள். அந்த நீதிபதிகளை நான் மனதாரப் பாராட்டுகிறேன்.

நம் ஊரிலும் நடக்காமல் இல்லை. ஜெயலலிதா மீதான சொத்துக் குவிப்பு வழக்கு 1996-இல் தொடங்கியது, வழக்கை வேறு மாநிலத்துக்கு மாற்ற வேண்டியிருந்தது, தண்டனை வந்தது 2014-இல், இடையில் ஒரு விடுதலை, உச்ச நீதிமன்றத்தின் கடைசித் தீர்ப்பு 2017 பிப்ரவரியில். அதற்கு இரண்டு மாதம் முன்பே அவர் இறந்துவிட்டார். மலேசியாவில் கைதிலிருந்து கடைசித் தீர்ப்பு வரை நான்கு வருடம், இங்கே இருபது வருடத்துக்கு மேல்.

கேள்வி: தென் கொரியாவில் அதிபர்கள் வரிசையாகச் சிறைக்குப் போகிறார்கள். அதுதான் சரியான முன்மாதிரியா?
(தொழில்முனைவர், கோவை)

பதில்: சிறைக்குப் போவதைப் பார்த்தீர்கள், திரும்பி வந்ததையும் பாருங்கள். 1996-இல் தண்டனை பெற்ற இரண்டு முன்னாள் அதிபர்களுக்கும் அடுத்த வருடமே மன்னிப்பு. பின்னாளில் அதிபராக இருந்து சிறைக்குப் போன பார்க் கியூன் ஹைக்கு 2021 டிசம்பரில் மன்னிப்பு. இன்னொரு முன்னாள் அதிபர் லீ மியுங் பாக்குக்கு 2022 டிசம்பரில் மன்னிப்பு, கட்டாமல் வைத்திருந்த 820 கோடி வொன் அபராதத்தையும் சேர்த்துத் தள்ளுபடி செய்தார்கள். மலேசியாவிலும் நஜிப்புக்கு 2024-இல் பன்னிரண்டு வருடத்தை ஆறாகக் குறைத்தார்கள், அபராதத்தை 21 கோடி ரிங்கிட்டிலிருந்து 5 கோடியாக இறக்கினார்கள், மன்னிப்பு வாரியத்தின் அறிக்கையில் காரணம் என்று ஒரு வரிகூட இல்லை. நோயாளிக்கோ வயதானவருக்கோ கருணை காட்டுவதை நான் எதிர்க்கவில்லை. ஆனால் மக்கள் பணத்தைத் திருடியவருக்குத் தண்டனையைக் குறைத்தால், ஏன் குறைத்தோம் என்று எழுத்தில் சொல்லிவிட்டுக் குறைக்க வேண்டும், அபராதத்தில் ஒரு பைசாவைக்கூட விடக் கூடாது.