ஓவியம் மட்டும் போதுமா? (கடிதம்)

வணக்கம்.

கும்பகோணம் அரசு கவின்கலைக் கல்லூரியில் ஓவியம் இறுதியாண்டு படிக்கிறேன். சினிமாவில் கலை இயக்குநராக ஆசை. என் ஓவியங்களைத் தொகுத்து எடுத்துக்கொண்டு சென்னை போனால் உதவியாளராகச் சேர்த்துக்கொள்வார்களா? புரொடக்‌ஷன் டிசைனர் என்பது வேறு வேலையா?

ஒரு மாணவி, கும்பகோணம்

அன்புள்ள மாணவிக்கு,

இரண்டாவது கேள்வி சுலபம். படம் எந்த நிறத்தில், எந்த மாதிரி இடங்களில் விரிய வேண்டும் என்று இயக்குநரோடும் ஒளிப்பதிவாளரோடும் உட்கார்ந்து முடிவுசெய்பவர் புரொடக்‌ஷன் டிசைனர். தச்சர், பெயின்டர், மோல்டிங் ஆட்களை வைத்து அதைக் கட்டி முடிப்பவர் கலை இயக்குநர். தமிழில் பெரும்பாலும் இரண்டும் ஒருவர் தலையில்தான்.

ஓவியர்கள் இந்த வேலைக்கு வருவது புதிதல்ல. ‘பாரதி’ படத்துக்குத் தேசிய விருது வாங்கிய கலை இயக்குநர் பி. கிருஷ்ணமூர்த்தி பூம்புகார்க்காரர், சென்னைக் கவின்கலைக் கல்லூரியில் படித்தவர். ஆனால் உதவியாளரிடம் எதிர்பார்ப்பது அளவு. உங்கள் தெருவில் ஓர் ஓட்டு வீட்டைப் பிடித்து, திண்ணை உயரம், தூண் சுற்றளவு, முற்றம், நிலை எல்லாவற்றையும் டேப்பால் அளந்து, தரைப்படமும் குறுக்குவெட்டும் 1:50இல், அதாவது ஐம்பதில் ஒரு பங்காகச் சுருக்கி வரையுங்கள். பத்தடிச் சுவர் ஆறு சென்டிமீட்டர் வரும். அதே அளவில் மாதிரியும் செய்யுங்கள். நெட்டித் தண்டைச் செதுக்கிச் சிற்றுருவங்கள் செய்யும் தஞ்சாவூர் நெட்டி வேலை பழகியிருந்தால் கை தானே ஓடும். எந்தச் சுவரைக் கழற்றினால் கேமரா பின்னால் போகலாம் என்பது மாதிரியைப் பார்த்தால் பளிச்சென்று தெரியும்.

செட் சொதப்புவது பெரும்பாலும் ஏஜிங்கில், அதாவது புதுச் சுவரைப் பழசாகக் காட்டுவதில். ரீப்பர் கட்டைச் சட்டத்தில் எட்டுக்கு நாலடி பிளைவுட் அடித்து, பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் பூசி, பிரவுன் கலரைக் கரைத்துச் சுவர் முழுக்க ஒரே சீராகத் தெளித்துவிடுவார்கள். நம்மூர்ச் சுவர் அப்படியா அழுக்காகிறது? அடியில் இருக்கும் களிமண் ஈரத்தை விடாது. ஓதம் அடியிலிருந்து ஏறி, இரண்டு மூன்றடி வரை காரை பொரிந்து உப்புப் பூக்கும். ஓட்டுத்தண்ணீர் தெறித்த மண்கறை அதற்கும் கீழே. மேலே இறவாணத்தை (கூரையின் தாழ்ந்த ஓரத்தை) ஒட்டிய பகுதி நனையாமல் வெள்ளையாகவே கிடக்கும். கதவு நிலையிலும் திண்ணைத் தூணிலும் கைபட்ட எண்ணெய்க் கருப்பு. செட்டில் அந்த உப்புப் பூப்பைக் காட்ட, காய்ந்த பிரஷ்ஷில் சுண்ணாம்பைத் தொட்டும் தொடாமலும் இழுத்தால் போதும். பூச்சு நன்றாக உலராமல் பெயின்ட் அடித்தால் விளக்குச் சூட்டில் கொப்பளிக்கும். பளபளப்பு பெயின்ட் லைட்டை வாங்கி முகத்தில் அடிக்கும், பளபளப்பில்லாத மேட் பெயின்ட்தான் சரி.

அந்த வரைபடங்களையும் மாதிரியின் படங்களையும் தொகுப்பில் முன்னால் வையுங்கள். புனே திரைப்படக் கல்லூரியில் கலை இயக்கத்துக்கென்றே படிப்பு இருக்கிறது. பட்டம் கைக்கு வந்ததும் நுழைவுத்தேர்வும் எழுதிப் பாருங்கள்.