படமும் இசையும் கேமுக்குள் நிற்க வேண்டும்: ஒரு மாணவியின் பெற்றோருக்கு

பள்ளிப் படிப்பு முடிந்ததும் வீடியோ கேம்களுக்குப் படம் வரையவும் இசையமைக்கவும் போவதாக உங்கள் மகள் சொல்கிறார், இதை நம்பி அனுப்பலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். அவர் அனுப்பிய ஓவியங்களையும் அனிமேஷன் காட்சியையும் பார்த்தேன், மூன்று இசைத் துண்டுகளையும் கேட்டேன். திறமை இருக்கிறது, அதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் இவை இரண்டும் தனித்தனி வேலைகள் என்பதையும், இரண்டுக்கும் பணம் வரும் வழியே வேறு என்பதையும் முதலில் தெரிந்துகொள்ளுங்கள்.

பெரிய ஸ்டூடியோக்களில் ஓவியர்களை மாதச் சம்பளத்துக்கு எடுப்பது வழக்கம். கதாபாத்திரம், சூழல், அனிமேஷன், திரையில் தெரியும் பொத்தான்கள் என்று அந்த வேலை பல கைகளுக்குப் பிரிந்துபோகும். இசையமைப்பாளர்களோ பெரும்பாலும் ஒப்பந்தத்தில் உழைப்பவர்கள். முடித்துத் தரும் இசைக்கு நிமிடக் கணக்கில் ஊதியம் பேசுவதும் உண்டு. பல ஓவியர்கள் தேவைப்படும் ஒரு கேமுக்கு ஓர் இசையமைப்பாளரே போதும் என்பதால், இசையை மட்டும் நம்பி இறங்கும்படி நான் யாருக்கும் சொல்வதில்லை. ஓவியம் சோறு போடட்டும். இசை அதன் கூடவே வளரட்டும்.

இரண்டையும் ஒருவரே செய்ய முடியாதா என்றால், சிறிய கேம்களில் முடியும். 2016இல் வெளிவந்த ஸ்டார்டியூ வேலியின் படம், இசை, நிரல் அனைத்தையும் எரிக் பரோன் தனியாளாக நான்கு ஆண்டுகளுக்கும் மேல் உழைத்து உருவாக்கினார். அந்த ஆண்டுகளில் அவர் பகுதிநேர வேலையும் பார்த்தார் என்பதை உங்கள் மகளிடம் மறக்காமல் சொல்லுங்கள்.

இனி, நான் பார்த்த குறை. அனிமேஷனில் அந்தச் சிறுவன் நடக்கும்போது பாதம் தரையில் வழுக்குகிறது. கால் பின்னே தள்ளும் தூரமும் உடல் முன்னே போகும் தூரமும் ஒத்துப்போகவில்லை. இசையிலும் இதே கதைதான். விளையாடுபவர் ஒரே இடத்தில் அரை மணி நேரம் நின்றால் ஒன்றரை நிமிட இசை இருபது முறை ஒலிக்கும். முடிவும் தொடக்கமும் சேரும் இடத்தில் கடைசி சுரத்தின் அதிர்வு அறுந்துபோனால் காது உடனே கண்டுபிடித்துவிடும். விளையாட்டின் போக்குக்கு இசை இசைந்து கொடுக்கவும் வேண்டும்: 1985இல் வந்த சூப்பர் மரியோ பிரதர்ஸில், கடிகாரம் 100க்குக் கீழே இறங்கியதும் கோஜி கோண்டோவின் இசை வேகம் எடுக்கும். இன்று எஃப்மாட், வைஸ் போன்ற, கேமுக்குள் ஒலியை இயக்கும் மென்பொருள்களில், எதிரி நெருங்கும்போது தாளத்தைச் சேர்த்து, விலகியதும் தாளத்தை மட்டும் தணிக்கிறார்கள். தனியாகக் கேட்க இனிமையான பாட்டை எழுதுவது வேறு, இது வேறு.

ஆகவே இன்னும் முப்பது ஓவியங்கள் வரைவதைவிட, ஐந்து நிமிடம் விளையாடக்கூடிய ஒரு சிறு கேமை முழுதாக முடிப்பது மேல். முப்பரிமாண உருவங்களையும் அனிமேஷனையும் செய்ய உதவும் பிளெண்டரும், கேமை உருவாக்க உதவும் கோடோ எஞ்சினும் இலவசம். நிரல் எழுதத் தெரிந்த ஒருவரோடு, குறுகிய நேரத்துக்குள் ஒரு கேமை உருவாக்கும், ஆண்டுதோறும் நடக்கும் குளோபல் கேம் ஜாம் போன்ற நிகழ்வில் சேர்ந்தால் குறித்த நேரத்தில் வேலையை முடிக்கும் பழக்கமும் வரும்.

பட்டப்படிப்பை விட்டுவிட வேண்டாம். வேலைக்கு எடுப்பவர்கள் செய்த வேலையைத்தான் முதலில் பார்க்கிறார்கள் என்பது உண்மை. ஆனால் 2023இலும் 2024இலும் இத்துறையில் ஆயிரக்கணக்கானோர் வேலை இழந்தார்கள். அனிமேஷன் அல்லது வடிவமைப்புப் பட்டம் கையில் இருந்தால் விளம்பரம், திரைப்படம், கல்வி மென்பொருள் ஆகிய கதவுகளையும் தட்டலாம். முதல் ஒப்பந்தம் வரும்போது, இசையின் உரிமையை முழுதாக விற்கிறாரா, பயன்படுத்த அனுமதி மட்டும் தருகிறாரா என்பதைக் கையெழுத்துக்கு முன்பே நீங்களும் உடன் உட்கார்ந்து படியுங்கள்.

அடுத்த முறை வரும்போது, பாதம் வழுக்காத ஒரு நடையையும், ஒட்டு தெரியாமல் சுழலும் ஒரு நிமிட இசையையும் கொண்டுவரச் சொல்லுங்கள். அவற்றை ஒரே திரையில் ஓடவிட்டுப் பார்த்துவிட்டு, எந்தப் படிப்புக்கு விண்ணப்பிப்பது என்று மூவரும் பேசுவோம்.