காலத்தை ஆளும் மந்திரம் பற்றிய தொலைந்த சுவடி ஒன்றைக் கதையில் நம்பும்படி படைப்பது எப்படி?

காலத்தைத் திருப்பும் மந்திரங்கள் அடங்கிய பழஞ்சுவடி ஒன்று காணாமற்போய், பின்னர் அகப்படுவதாகக் கதை எழுதும் நீங்கள், அதில் என்னென்ன மந்திரங்களைச் சேர்க்கலாம் என்று கேட்டிருக்கிறீர்கள். மந்திரங்களை விட்டுவிட்டுச் சுவடியை எழுதுங்கள் என்பதே என் பதில்.

இதே பிழையைச் செய்தவன் நான். என் கதைக்காகப் பன்னிரண்டு மந்திரங்களை யாப்புப் பிசகாமல் எழுதி முடித்திருந்தேன். படித்துப் பார்த்த நண்பர், "இத்தனை காலம் தொலைந்து கிடந்த ஏட்டில் ஓரெழுத்தைக்கூடவா செல் அரிக்கவில்லை?" என்று மட்டும் கேட்டார். அன்றே பதினொன்றை நீக்கினேன்.

உண்மையான சுவடிகள் காயங்களோடுதான் நம்மிடம் வருகின்றன. ஆர்க்கிமிடீசின் நூல்களைத் தோலில் பெயர்த்தெழுதிய 10ஆம் நூற்றாண்டுப் படி ஒன்றைப் 13ஆம் நூற்றாண்டில் சுரண்டி அழித்து, அதே தோலில் வழிபாட்டு நூல் ஒன்றை எழுதிவிட்டார்கள். அடியில் மங்கலாகத் தெரிந்த எழுத்துகளை 1906இல் ஹைபெர்க் என்ற டேனிஷ் அறிஞர் அடையாளம் கண்டார். அவருக்குப் புலப்படாத பல வரிகள், பல்வேறு ஒளி அலைகளில் படமெடுத்த பின்னரே படிக்கக் கிடைத்தன. அழிக்கப்பட்ட எழுத்து பழையது, மேலே உள்ளது புதியது என்பது இத்தகைய சுவடிகளின் மாறாத விதி. உங்கள் கதையில் அந்த விதி ஒரேயொரு முறை மீறப்படட்டும். மேலே உள்ள வழிபாட்டுப் பாடலை எழுதியவன் இறந்த செய்தி, அவன் கையாலேயே சுரண்டப்பட்ட அடியெழுத்தில் இருந்தால், காலம் புரண்டுவிட்டது என்பதை எந்த மந்திரமும் சொல்ல வேண்டியதில்லை.

காலக்கணிப்பையும் இவ்வாறே பயன்படுத்தலாம். இன்றுவரை எவராலும் படிக்க இயலாத வாய்னிச் சுவடியின் தோல், கதிரியக்கக் கரிமச் சோதனையில் 1404க்கும் 1438க்கும் இடைப்பட்டது என்று தெரியவந்தது. ஆயினும் அச்சோதனை தோலின் வயதைச் சொல்கிறதே தவிர, எழுதப்பட்ட நாளைச் சொல்வதில்லை. இந்த இடைவெளி கதாசிரியனுக்குக் கிடைத்த கொடை என்றே கருதுகிறேன்.

நீங்கள் ஓலைச்சுவடியைத் தேர்ந்தால், எழுத்திலேயே மந்திரத்தை ஒளிக்க முடியும். எழுத்தாணியால் அழுத்திக் குத்தினால் ஓலை கிழியும் என்பதால் எழுதுவோர் பெரும்பாலும் புள்ளி இடுவதில்லை. குறில் எகர, ஒகரங்களுக்கும் நெடில் ஏகார, ஓகாரங்களுக்கும் வரிவடிவ வேறுபாடும் அக்கால ஓலைகளில் இருக்கவில்லை. ஆகவே ஓலையில் 'நாடகொள' என்றிருந்தால் அதை 'நாட்கோள்' என்று படிக்கலாம், 'நாட்கொள்' என்றும் படிக்கலாம். முன்னது நல்ல நாள் பார்ப்பதைக் குறிக்கும் வெறும் பெயர். பின்னதோ, நாளையே எடுத்துக்கொள் என்னும் ஏவல். நான் நீக்காமல் வைத்திருந்த பன்னிரண்டாவது மந்திரத்தை இந்த ஒரு சொல்லாகச் சுருக்கினேன்.

சுவடி ஏன் தொலைந்தது என்ற கேள்விக்கும் அதிலேயே விடை கிடைத்தது. தீ, வெள்ளம், கொள்ளை என்று எதையும் நான் தேட நேரவில்லை. நூலக அட்டவணை எழுதியவர் அச்சொல்லை 'நாட்கோள்' என்று படித்து, சுவடிக்கட்டைச் சோதிடப் பிரிவில் வைத்துவிட்டார். அதன்பின் வந்தவர்கள் எல்லோரும் அவர் குறிப்பை நம்பினார்கள். இருக்கும் இடத்திலேயே இருந்துகொண்டு தொலைந்துபோவதுதான் நூலகங்களில் மிகவும் இயல்பான தொலைதல்.

ஒன்றில் மட்டும் கவனமாக இருங்கள். புள்ளியில்லா எழுத்தின் இயல்பைக் கதைத் தொடக்கத்திலேயே, சாதாரணமான வேறொரு சொல்லைக் கொண்டு வாசகருக்குக் காட்டிவிட வேண்டும். 'எடு', 'ஏடு' இரண்டும் ஓலையில் ஒன்றுபோலவே இருக்கும் என்பதை மாணவன் ஒருவன் தவறாகப் படித்துத் திட்டு வாங்கும் காட்சியாக நான் எழுதினேன். அதைச் செய்யாமல் இறுதியில் திடீரென்று விளக்கினால், மந்திரம் வெறும் இலக்கணக் குறிப்பாகிவிடும். என் இரண்டாவது படியில் அப்படித்தான் ஆயிற்று, அதே நண்பர் அதையும் திருப்பிக் கொடுத்தார்.