வெள்ளிக்கிழமை ஒன்றாம் தேதி வராத ஊர்

கேள்வி: டோல்கீனின் ஹாபிட்டுகள் "வெள்ளிக்கிழமை ஒன்றாம் தேதி" என்று சொன்னால் அது நடக்கவே நடக்காத நாளாமே, ஏன் அப்படி?
- ஒரு வாசகி, மதுரை

பதில்: பென்சிலும் தாளும் எடுங்கள், இரண்டு நிமிஷ வேலைதான். டோல்கீனின் 'தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' நாவலின் பின்னிணைப்பில் இந்த நாள்காட்டி முழுசாக இருக்கிறது, ஆனால் கதை முடிந்ததும் புத்தகத்தை மூடிவிடுகிறவர்கள்தான் அதிகம். ஹாபிட்டுகள் என்ற குள்ள மனிதர்கள் வாழும் ஷயர் என்ற கற்பனை நாட்டில் பன்னிரண்டு மாதம், ஒவ்வொன்றுக்கும் 30 நாள். 360 ஆயிற்று. மிச்சமிருக்கும் 5 நாளை எந்த மாதத்திலும் சேர்க்காமல், வருஷத்தின் முதல் நாளுக்கும் கடைசி நாளுக்கும் யூல் என்று பெயர் வைத்து, மற்ற மூன்றை லித் நாட்கள் என்று நட்டநடு வருஷத்தில் போட்டுக்கொண்டார்கள். எல்லாம் தின்று குடித்துக் கொண்டாடத்தான், ஹாபிட்டுகள் வேறு எதற்கு நாள் ஒதுக்குவார்கள்!

365-ஐ ஏழால் வகுத்தால் ஒன்று மிஞ்சும், அதனால் நம் ஊரில் மாதிரியே அவர்களுக்கும் கிழமை வருஷா வருஷம் நகர்ந்துகொண்டிருந்தது. அது ஒழுங்கில்லாமல் இருக்கிறது என்று ஒரு கட்டத்தில், மூன்று லித் நாட்களில் நடுவில் வருகிற நாளுக்குக் கிழமையே கிடையாது, லீப் வருஷத்தில் கூடுதலாக வரும் நாளுக்கும் கிடையாது என்று முடிவு கட்டிவிட்டார்கள். மீதி 364 நாள், சரியாக 52 வாரம்.

இப்போது எண்ணுங்கள். அவர்கள் வாரம் சனியில் தொடங்கி வெள்ளியில் முடியும். வருஷப் பிறப்பு சனி, மறுநாள் ஞாயிறு முதல் மாதம் ஆரம்பம். முப்பது நாள் என்பது நாலு வாரமும் இரண்டு நாளும், ஆகவே அடுத்தடுத்த மாதங்கள் இரண்டிரண்டு கிழமை தள்ளிப் பிறக்கும்: செவ்வாய், வியாழன், சனி, திங்கள், புதன். அதற்கு அடுத்து வெள்ளி வர வேண்டும், வருகிறது, ஆனால் அன்றைக்கு மாதம் எதுவும் பிறப்பதில்லை, அது முதல் லித் நாள். நடு லித் நாளுக்குக் கிழமை இல்லை, கடைசி லித் நாள் சனி, ஏழாவது மாதம் மறுபடியும் ஞாயிறு. பின் ஆறு மாதமும் அச்சு அசல் இதேதான், கடைசி வெள்ளி யூலுக்குப் போய்விடும். ஆக எந்த மாதமும் வெள்ளியில் பிறக்காது. பிப்ரவரி முப்பதாம் தேதி கடனைத் திருப்பித் தருகிறேன் என்பார்களே, 'வெள்ளிக்கிழமை ஒன்றாம் தேதி'யும் அந்த ரகப் பேச்சு. தேதியைச் சொன்னாலே கிழமை தெரிந்துவிடுவதால் கடிதத்தில் கிழமை எழுதும் வழக்கத்தையே அவர்கள் விட்டுவிட்டார்கள். பக்கத்து ஊரான பிரீயைத் தாண்டிப் போனால்தான் அது தொல்லை.

கேள்வி: நிஜ உலகில் இந்த மாதிரி யாராவது முயன்றார்களா?
- ஒரு வாசகர், சேலம்

பதில்: இந்தியாவே முயன்றது. உலக நாள்காட்டி என்ற திட்டத்தை அமெரிக்காவில் எலிசபெத் அகெலிஸ் 1930-லிருந்து பிரசாரம் செய்துவந்தார். அதிலும் வருஷக் கடைசியில் கிழமை இல்லாத ஒரு நாள் வரும். லீப் வருஷத்து அதிகப்படி நாள் ஜூனுக்கும் ஜூலைக்கும் நடுவில் வரும், கிட்டத்தட்ட லித்தேதான். அதை ஐ.நா. வரை கொண்டுபோனது இந்தியா. 1954-இல் ஜெனிவாவில் வானியற்பியலாளர் மேகநாத் சாகா அதற்காக வாதாடினார். வாரம் என்பது ஏழு நாள், அதில் இடைவெளி விழுந்தால் எங்கள் ஓய்வுநாள் என்னாவது என்று மத அமைப்புகள் எதிர்த்தன, மதக் காரணத்தைச் சொல்லியே 1955-இல் அமெரிக்கா மறுத்துவிட்டது, அதோடு படுத்துவிட்டது. ஷயரில் கோயிலும் இல்லை, சர்ச்சும் இல்லை, அங்கே எதிர்க்க யார் இருந்தார்கள்? அப்புறம் கோடாக் நிறுவனம் 1928 முதல் 1989 வரை தன் கணக்கு வழக்குக்கு, மாதத்துக்கு 28 நாள் வீதம் 13 மாதம் உள்ள நாள்காட்டியை வைத்திருந்தது. அந்த மாதிரி நாள்காட்டியில் மாதம் ஞாயிறில் பிறந்தால், எந்த மாதத்தை எடுத்தாலும் மேல்நாட்டார் பயப்படுகிற 13-ஆம் தேதி வெள்ளிக்கிழமை!

கேள்வி: எல்ஃபுகளுக்கும் இதே கணக்கா?
- ஒரு வாசகர், ஈரோடு

பதில்: இல்லை. வாரத்துக்கு ஆறு நாள், வருஷத்துக்கு ஆறு பருவம். அவர்களுக்கு முக்கியமான அளவு யேன், அது நம் கணக்கில் 144 வருஷம். சாவில்லாதவர்களுக்கு வருஷம் ரொம்பச் சின்ன அளவு.

கேள்வி: நான் எழுதும் நாவலின் உலகத்தில் இரண்டு நிலா, வருஷத்துக்கு 400 நாள், மாதம் 16, ஒவ்வொன்றும் 25 நாள். பெயரெல்லாம் வைத்துவிட்டேன். இன்னும் என்ன செய்ய வேண்டும்?
- ஒரு வாசகி, கோவை

பதில்: கணக்கு ரொம்பச் சுத்தமாக இருக்கிறது, அதுதான் எனக்கு உறுத்துகிறது. நம் ஆனி 32 நாள் வரை நீளும், மார்கழி 29 நாளிலேயே முடிவதும் உண்டு, பூமி ஜனவரியில் சூரியனுக்குப் பக்கத்தில் வேகமாக ஓடுவதால். உங்கள் உலகமும் ஏதோ ஒரு சூரியனைத்தானே சுற்றுகிறது?

அதைவிட முக்கியம், நாட்களை மனிதர்கள் எப்படிக் கொண்டாடுகிறார்கள் என்பது. ஷயரின் ஒரு மூலையில் ஏப்ரல் 6 அன்று திடலில் கூடி ஆடுவார்கள். ஏன் என்று கேட்டால் கதையின் நாயகர்களில் ஒருவனான சாமின் பிறந்த நாள் என்பார்கள் சிலர், பொன்மரம் முதலில் பூத்த நாள் என்பார்கள் சிலர், எல்ஃபுகளின் புத்தாண்டு என்று இன்னும் சிலர். எது சரி என்று டோல்கீன் சொல்வதில்லை. முப்பது நாள் மாதத்தை யார் வேண்டுமானாலும் போடலாம், ஆனால் இந்த ஏப்ரல் 6-ஐப் படித்த பிறகுதான் அந்த ஊரில் ஆள் இருக்கிறார்கள் என்று நான் நம்பினேன். உங்கள் பதினாறு மாதத்தில் எந்த மாதம் கல்யாணம் வைக்க மாட்டார்கள், எந்த மாதம் வரி கட்ட வேண்டும், எதில் அரிசி விலை ஏறும்?

நிலாவை மட்டும் இப்போதே கவனியுங்கள். 1944 மே மாதம் டோல்கீன் மகனுக்கு எழுதிய கடிதத்தில், தன் கதையில் நிலா ஓரிடத்தில் உதிக்கிற அதே நேரத்தில் இன்னோரிடத்தில் மறைந்துகொண்டிருந்தது என்றும், பழைய அத்தியாயங்களைத் திருத்துவதிலேயே ஒரு மத்தியானம் போயிற்று என்றும் புலம்பியிருக்கிறார். அவருக்கு ஒரு நிலாதான், உங்களுக்கு இரண்டு. ஒவ்வொன்றும் எத்தனை நாளில் நிறைகிறது என்று நீங்கள் எழுதவில்லை. இரவுக் காட்சி எதையும் தொடுவதற்கு முன்னால் இரண்டுக்கும் சேர்த்து 400 நாளுக்கும் ஓர் அட்டவணை போட்டுவிடுங்கள்.