நம்பிக்கையில்லாத் தீர்மானத்தை எதிர்த்துக் கோர்ட்டுக்குப் போனால் பதவி திரும்பக் கிடைக்குமா?

கேள்வி கேட்ட தோரணையைப் பார்த்தால், கவிழ்க்கப்பட்டவர் நீங்களோ உங்கள் வீட்டில் ஒருவரோதான் என்று தோன்றுகிறது. தமிழ்நாட்டு ஒன்றியக்குழுத் தலைவர் பதவி என்றே வைத்துக்கொள்கிறேன். கிராம ஊராட்சித் தலைவர் என்றால் கதையே வேறு. மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுத்த அவரை வார்டு உறுப்பினர்கள் ஓட்டுப் போட்டு இறக்க முடியாது. 1994 ஊராட்சிகள் சட்டத்தின் 205ஆம் பிரிவில் கலெக்டர்தான் நடவடிக்கை எடுக்க வேண்டும்.

சிங்கப்பூரில் உட்கார்ந்துகொண்டு உனக்கென்ன தெரியும் என்று யாராவது வருவார்கள். சரி, இங்கே நகர மன்றங்களை நாடாளுமன்ற உறுப்பினர்களே நடத்துகிறார்கள். தேர்ந்தெடுக்கப்பட்ட மாநகர சபை 1959லேயே போய்விட்டது. ஆனால் ஒரு தமிழ்ச் சங்கத்தில் செயலாளராக இருந்த என்னை இதே தீர்மானம் போட்டுத்தான் இறக்கினார்கள். அதனால் எழுதுகிறேன்.

தீபாவளி விருந்துச் சாப்பாட்டுக் கணக்கில் ரசீது கேட்டேன். அவ்வளவுதான் நடந்தது. பொருளாளருக்கு வேண்டியவர்தான் சாப்பாடு போட்டவர் என்பது எல்லோருக்கும் தெரியும், யாரும் வாயைத் திறக்கவில்லை. அப்புறம் ஒரு நாள் ராத்திரி, சிறப்புப் பொதுக்கூட்டம் என்று வாட்ஸ்அப் குழுவில் அறிவிப்பு போட்டார்கள். அந்தக் குழுவிலிருந்து என்னை முன்பே நீக்கியிருந்தார்கள்! சங்க விதிப்படி இரண்டு வாரம் முன்னதாகத் தபாலில் நோட்டீஸ் வர வேண்டும். லாயரிடம் போனேன். விதிப்புத்தகத்தைப் புரட்டிவிட்டு, "நீங்க ஜெயிப்பீங்க சார், அதுக்கப்புறம்?" என்றார். எனக்குக் கோபம்தான் வந்தது.

அவர் அனுப்பிய ஒரே கடிதத்தில் கூட்டம் நின்றது. அடுத்த நோட்டீஸ் பதிவுத் தபாலில் வந்தது, என் இனிஷியல் உட்பட எல்லாம் சரியாக. 'விருந்து மண்டப முன்பதிவு', 'இதர விஷயங்கள்' இரண்டுக்கும் நடுவே நான் மூன்றாவது பொருள். கை தூக்கியவர்களில் என் புளோக்கிலேயே குடியிருப்பவரும் ஒருவர். அந்த ரசீது இன்றுவரை வரவில்லை. பேச்சுக்குப் பேச்சு தமிழ் வாழ்க என்று சொல்லும் சங்கம், கூட்டக் குறிப்பை மட்டும் ஆங்கிலத்தில் எழுதுகிறது. இதையும் யாராவது கேட்க வேண்டாமா?

உங்கள் விஷயத்துக்கு வருகிறேன். தீர்மானம் சட்டப்படி வந்ததா என்றுதான் நீதிமன்றம் பார்க்கும். உங்கள் மேல் வைத்த குற்றச்சாட்டு நியாயமா என்று விசாரித்துத் தீர்ப்புச் சொல்லாது. குஜராத் நகராட்சி வழக்கு ஒன்றில் 1974லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: கண்டனத் தீர்மானத்துக்குத்தான் காரணம் வேண்டும், நம்பிக்கையில்லாத் தீர்மானத்துக்குத் தேவையில்லை. ஆனால் தமிழ்நாட்டுச் சட்டத்தின் 212ஆம் பிரிவு எழுத்துமூலமான குற்றச்சாட்டுகளைக் கேட்கிறது. அது உங்கள் கைக்கு வர வேண்டும், பதில் சொல்ல வாய்ப்பும் தர வேண்டும். சாதாரணப் பெரும்பான்மையும் போதாது. இவற்றில் ஏதாவது தவறியிருந்தால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட விஷயம் இருக்கிறது.

நோட்டீஸ் ஒரு நாள் குறைவாக வந்தது என்பதை மட்டும் நம்பிப் போகாதீர்கள். மைசூர் மாநில நகராட்சித் தலைவர் ஒருவர் அப்படித்தான் போனார். உறுப்பினர்கள் எல்லோரும் அநேகமாகக் கூட்டத்துக்கு வந்துவிட்டதால் யாருக்கும் பாதிப்பில்லை, தீர்மானம் செல்லும் என்று 1964ல் உச்ச நீதிமன்றம் கைவிரித்துவிட்டது. நான் வக்கீல் இல்லை, ஆனால் இந்தத் தீர்ப்பை உங்கள் வக்கீலிடம் கேட்டுப் பாருங்கள்.

இன்னும் ஓட்டெடுப்பு நடக்கவில்லை என்றால், உள்ளே போவதற்கு முன்பே ஆட்சேபத்தை எழுதி, கூட்டத்தை நடத்தும் வருவாய்க் கோட்டாட்சியரின் அலுவலகத்தில் கொடுத்து, நகலில் முத்திரை வாங்கிவிடுங்கள். வாயால் சொன்னால் கூட்டக் குறிப்பில் ஏறாது. நடந்துமுடிந்துவிட்டது என்றால், எத்தனை பேர் உங்கள் பக்கம் வருவார்கள் என்று எண்ணிப் பார்த்துவிட்டு வக்கீலுக்குப் பணம் கட்டுங்கள். நடைமுறைக் கோளாறுக்காகத் தீர்மானம் ரத்தானால், அவர்கள் ஒழுங்காக நோட்டீஸ் கொடுத்து மறுபடியும் கூட்டம் போடலாம்.